காலையில் செத்தவனின் மாலைக் காட்சி

அன்பு மகள் ராலிட்சாவுக்கு,

அப்பா உயிரோடு, நலமாக இருக்கிறேன். இது வழக்கத்துக்கு எழுதும் வரி இல்லை, சனிக்கிழமை காலை ஊரில் பாதிப் பேர் இதை நம்பவில்லை. லிஸ்பனில் நீயும் வேளைக்குச் சாப்பிட்டு நலமாக இருப்பாய் என்று நினைக்கிறேன்.

நீ அனுப்பிய உன் சினிமாவின் விளம்பரத்தை, வண்ணத்துக்குக் காசு கூடுதல் என்று கறுப்பு வெள்ளையில் சின்னதாக நகல் எடுத்தேன். ஒரே நிமிடம் பேருந்து ஓட்டுநராக வந்துபோகும் என் மூஞ்சியைத்தான் நீ அதில் பெரிதாகப் போட்டிருந்தாய். ஊரே நின்று படிக்கும் இடமாயிற்றே என்று பேக்கரி வாசல் கம்பத்தில் ஒட்டினேன். இறந்தவர்களின் படமும் நினைவுநாள் நேரமும் மட்டுமே ஒட்டுகிற கம்பம். என் அப்பாவின் படத்தை அங்கே ஒட்டியவனே நான்தான், இருந்தும் இந்த மண்டைக்கு உறைக்கவில்லை. மேலே என் முகம், கீழே 'இறங்கும் இடம்' என்ற உன் படத்தின் பெயர், அதற்கும் கீழே 'சனி மாலை ஐந்து மணி, படிப்பக மண்டபம்'. ஓரத்தில் இருந்த உன் பெயர் நகலில் வெட்டுப்பட்டதைக்கூட நான் பார்க்கவில்லை.

காலை ஏழு மணிக்கு எதிர்வீட்டுப் பென்கா அக்கா சாவுக்கென்றே கொண்டுபோகும் அவித்த கோதுமையும் இரட்டைப்படையில் பூவுமாக அழுதுகொண்டு வந்தாள். கதவைத் திறந்தது நான். அடப் பாவி, இருக்கியாடா, விடியுமுன்ன எழுந்து கோதுமை அவிச்சேனே, அதை யாரு தின்பா என்று கத்தினாள். மாலையில் மண்டபம் நிரம்பிவிட்டது. உன் முதல் படத்துக்கு வந்தவர்கள் பதினொரு பேர், அதில் நான் தூங்கிவிட்டேன். இந்தமுறை ஆள் சேர்க்க நான் சாகவேண்டியிருந்தது. உன் சாவுக்குப் போறேன்னு பொண்டாட்டிகிட்ட சொல்லிட்டு வந்துட்டேன், இப்ப திரும்பினா ஆடு கறக்கச் சொல்லுவா, படத்தையே பாக்குறேன் என்று என் கூட்டாளி க்ரோஸ்தான் உட்கார்ந்தான். அவன்தான் முடிவில் அழுதான், கேட்டால் தூசியாம்.

படம் முடிந்து, எடுத்தவர்களின் பெயர்கள் ஓடுமுன்பே விளக்கைப் போட்டுவிட்டார்கள். எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். எழுந்து நின்று இதை எடுத்தது என் மகள் என்று மட்டும் சொல்லுங்கள் அப்பா, அது போதும் என்று நீ எழுதியிருந்தாய். மேடை ஏறினேன். உன் இரண்டாவது படத்துக்குப் பரிசு கிடைத்த பிறகும் ஊரில் நான் உன்னைப் பல் மருத்துவர் என்றே சொல்லிவந்தேன். அது உனக்குத் தெரியும். தெரியாதது, பல்வலி என்று வந்த பென்கா அக்காவை, நீ சொன்ன வைத்தியம் என்று உப்புத் தண்ணீர் கொப்பளிக்க வைத்தேன் என்பது. முன் வரிசையில் அவள் கன்னத்தைப் பிடித்தபடி என்னையே பார்த்தாள். வாயைத் திறந்தேன். வாசலில் கோதுமை இருக்கிறது, வீணாக்காமல் சாப்பிட்டுப் போங்கள் என்றேன். சிரித்தார்கள், இறங்கிவிட்டேன். உன் அம்மா வீட்டுப் படியேறும்போது சொன்னாள்: காலைல நீ செத்தது பொய்யி, சாயங்காலம் செத்தது நெசம்.

ஊறவைத்த மிளகாய் இரண்டு ஜாடி அனுப்பியிருக்கிறோம், சாய்க்காமல் மூடியைத் திற. அடுத்த கதையையும் உன் இஷ்டப்படியே எழுது, உன் கைக்கு ஒரு குறையும் வராது. மேடையில் வாயில் வராததைக் கையெழுத்தாகப் போடுகிறேன்.

இப்படிக்கு,
இந்தப் படத்தை எடுத்தவளின் அப்பா,
ஸ்டாமென்