கதவில் அப்பா படம்

அக்கா,

இல்ல, அப்பா சாகல. நேத்து நம்ம வாசக்கதவுல யாரோ மரண நோட்டீஸ் ஒட்டிட்டுப் போயிருக்காங்க. செத்தவங்க வீட்டுக் கதவுலல்லாம் நோட்டீஸ் ஒட்டுற இந்த சோபியா ஊர்ல அதப் பாத்தா யாரு சந்தேகப்படுவாங்க? கறுப்புக் கட்டம், போட்டோ, பேரு எல்லாம் சரி. செத்த தேதி மட்டும் இன்னைய தேதி போட்டிருக்கு. இன்னைக்குத்தான் பார்லிமென்ட்ல நம்பிக்கையில்லாத் தீர்மானம்.

அப்பா கட்சி பழைய கம்யூனிஸ்டுங்களோட போட்ட கூட்டணி உடைஞ்சிடுச்சு. ஒரே ஒரு ஓட்டுலதான் அரசாங்கம் நிக்குது. அது அப்பா ஓட்டு. கவுத்துடுவேன்னு ரேடியோவுலயே சொல்லிட்டாரு.

நேத்து நான் நோட்டீஸக் கிழிக்கிறதுக்குள்ள கீழ்வீட்டு ராய்னாம்மா துக்கத்துக்குப் பூவோட வந்துட்டாங்க. கதவத் திறந்தது அப்பா.

"செத்தவன் நான்தாம்மா. உள்ள வாங்க, காப்பி போடறேன்."

"நாசமாப் போறவனே, என்னையும் சேத்துக் கொல்லப் பாத்தியே!"ன்னு பூவாலயே அடிச்சாங்க. அவர் சிரிச்சுக்கிட்டே காப்பி போடப் போனாரு.

போன் பண்ணாத. வயரப் பிடுங்கிட்டேன். எடுத்தா யாரோ மூச்சு மட்டும் விடுறான்.

"ஓட்ட மாத்திப் போடுங்கப்பா"ன்னு காலைல கெஞ்சினேன். "நீ காலேஜப் பாதியில விட்ட மாதிரி என்னையும் இத விடச் சொல்றியாடா?"ன்னாரு.

கட்சிக் கார் வரல. டிராம்ல போறாராம். ஷூ மாட்டிட்டாரு. படியில எவனாவது காத்திருக்கலாம், அவருக்கு முன்னாடி நான் இறங்கணும். போறேன்.

உன் தம்பி