ஜன்னலில் ஒட்டிய பெயர்கள்

அன்புள்ள அம்மாவுக்கு,

நானும் அத்தையும் சுகமாக இருக்கிறோம். உன் முட்டிவலி இப்போது எப்படி? தண்ணீர்க் குடத்தை அப்பாவையே தூக்கச் சொல். இங்கே சண்டை ஓய்ந்து பள்ளிக்கூடம் திறந்துவிட்டது. கூரைதான் பாதி இல்லை.

ஒரு சின்ன விஷயம், பயப்படாதே. சண்டை நேரத்தில் தலைமையாசிரியை பள்ளிக்கூடத்துப் புத்தகங்களையும் பதிவேட்டையும் பத்திரமாக வைத்திருக்கச் சொல்லி என்னிடம் கொடுத்திருந்தார். குண்டு அதிர்வில் கண்ணாடி சிதறாமலிருக்க, ஜன்னல்களில் காகிதப் பட்டை ஒட்டும்படி உத்தரவு வந்தது. வீட்டில் வேறு காகிதம் இல்லை. கதைப் புத்தகங்களைத் தொட மனம் வராமல், மாணவர் சேர்க்கைப் பதிவேட்டை வரிவரியாகக் கத்தரித்து ஒட்டிவிட்டேன்.

"கதையைக் கிழிக்க மனசு வரல, பிள்ளைங்க பேரைக் கிழிக்க மட்டும் வந்துச்சா?" என்று கேட்டார் தலைமையாசிரியை. அன்றைக்கே பட்டைகளை உரிக்கத் தொடங்கினேன்.

என் பெஞ்சுத் தோழிக்கு வீட்டோடு சான்றிதழ்களும் எரிந்துபோயின. பதிவேட்டில் பெயர் இருந்தால்தான் அவள் இந்த வருஷம் பொதுத்தேர்வு எழுத முடியும். தினமும் வந்து என்னோடு பட்டைகளை நனைத்து உரிக்கிறாள். "குண்டுக்கே உடையாத கண்ணாடிடி, நீ உடைச்சிடாதே!" என்று சிரிக்கிறாள். அவள் பெயர் இன்னும் கிடைக்கவில்லை.

துடைக்க மெல்லிய துணி வேண்டும். உன் பழைய புடவை ஒன்றை அனுப்பு. துவைக்காவிட்டாலும் பரவாயில்லை.

சண்டையின் கடைசி வாரத்தில் சமையலறை ஜன்னல் நொறுங்கி, பட்டைகளோடு குப்பைக்குப் போய்விட்டது. அதை அவளிடம் நான் இன்னும் சொல்லவில்லை, அம்மா. இதோ, கதவைத் தட்டுகிறாள். நிறுத்துகிறேன்.

உன் மகள்