எர்த் பார்த்தாச்சு

இன்று காலை அந்த ஸ்பீக்கரின் பின்தகட்டைக் கழற்றினேன். உள்பக்கம் கறுப்பு மார்க்கரில் உன் கோணல் எழுத்து: "எர்த் பார்த்தாச்சு." நீ இறந்து எட்டு மாதம் ஆகிறது. புதுக்கடையில் நாம் ரெண்டுபேரும் சேர்ந்து நடத்திய ரிப்பேர் கடையிலிருந்து போன பெட்டிகளில் இன்னும் எத்தனைக்குள் இப்படி எழுதி வைத்திருக்கிறாயோ! கழற்றிய ஸ்குருவை எங்கே வைத்தேன் என்பதே மறந்துபோனது.

கொண்டுவந்தவர் அதே கோயில்குட்டி அண்ணன்தான். சபை ஆலயத்தைத் திறந்து, மணியடித்து, மைக் போடுகிறவர். புகாரும் பழையதுதான்: "பாட்டுக்கு முந்தி இது பாடுது மக்கா, ம்ம்முனு."

பன்னிரண்டு வருடத்துக்கு முன்பும் அந்த இரைச்சலோடுதான் வந்தது. நீ தோவாளையில் சித்தி மகள் கல்யாணத்துக்குப் போயிருந்தாய். மிக்ஸர் ஒரு பிளக்கிலும் ஸ்பீக்கர் வேறு பிளக்கிலும் இருந்தால் எர்த் வழியாக இரைச்சல் வரும், இரண்டையும் ஒரே போர்டில் மாட்டிப் பார் என்று நீ நூறு தரம் சொல்லியிருக்கிறாய். எனக்குத்தான் பொறுமை கிடையாதே. பிளக்கை மேசை வைஸின் பல்லுக்கிடையில் இறுக்கி, ஆக்ஸா பிளேடால் எர்த் பின்னை அறுத்தேன். இரைச்சல் நின்றது. கொள்ளாம் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன்.

மறுநாள் நீ வந்ததும் பிளக்கைத்தான் முதலில் பார்த்தாய்.

"ஏட்டி, எவன் இதை அறுத்தது?"

"வரும்போதே அப்படித்தான் இருந்துச்சு" என்றேன். சட்டென்று வந்துவிட்ட பொய்.

"உள்ள ஒரு ஒயர் கழண்டு தகட்டுல பட்டா, கரண்டு கேபிள் வழியா மைக் வரைக்கும் ஏறும். அதுல வாயை வச்சுப் பாடுறது அவரு மவளாக்கும்!"

போனில் அந்த மனிதரை நீ ஏசியது முக்கு வரைக்கும் கேட்டிருக்கும். "ஒமக்குக் கோட்டியா பிடிச்சிருக்கு அண்ணே?" நான் வேலையிருப்பதுபோல் சால்டரிங் அயர்னைத் துடைத்துக்கொண்டு நின்றேன்.

பிறகு புதுப் பிளக் போட்டாய். பெட்டியைத் திறந்து கப்பாசிட்டரில் தங்கியிருந்த கரண்டை ரெசிஸ்டர் வைத்து இறக்கினாய். "பிளக்கை உருவினாலும் இது கடிக்கும்ட்டி, பாத்து" என்றாய் என்னிடம், எதுவும் நடக்காததுபோல. எர்த் பின்னிலிருந்து தகடு வரை மீட்டரால் பார்த்துவிட்டுத்தான் மார்க்கரை எடுத்தாய்.

சொல்லிவிடலாம் என்று பலமுறை வாயெடுத்தேன். நெய்யூரில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் நீ கிடந்தபோதும் எடுத்தேன். நீயோ, "அந்த ரெண்டு பேஸ் பெட்டியும் குடுத்திட்டியா?" என்று கேட்டாய். குடுத்தாச்சு என்றேன். மற்றதைச் சொல்லவில்லை. வெட்கம்தான், வேறென்ன.

அதனால் இன்று அண்ணனிடமாவது சொல்லிவிடத் தொடங்கினேன். "அண்ணே, அன்னைக்கு அவ உங்கள ஏசினா இல்லியா..."

அவர் சிரித்தார். "அதையா இன்னும் நெனைக்கிய? மறு ஞாயிறு ஆராதனை முடிஞ்சதும் வாசல்ல வந்து நின்னாவளே! 'பின்னை அறுத்தது நான்தான் அண்ணே, மன்னிச்சிருங்க'ன்னு சொல்லிட்டுப் போனாவ."

தோவாளையில் தலை நிறையப் பூ வைத்துக்கொண்டு கல்யாணத்தில் நின்றவள் அறுத்தாளாம்! அன்று அறுத்த பிறகு நான் மேசையை மட்டும்தான் துடைத்தேன்; வைஸின் பல்லில் பித்தளைத் தூள் ஒட்டியிருந்திருக்கும், அதை நீ பார்த்திருப்பாய். தெரிந்தும் இத்தனை வருடம் என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லையே, பாவி. கோபமும் அழுகையும் சேர்ந்து வந்தது எனக்கு.

"அறுத்தது அவ இல்ல அண்ணே. நானாக்கும்."

"செரி மக்கா. இப்ப எர்த்து ஒழுங்கா இருக்கா? ஞாயித்துக்கிழமை பேத்தி பாடுதா."

அதைப் பார்க்காமல் எந்தப் பெட்டியையும் நான் இப்போது வெளியே விடுவதில்லை. ஆனாலும் அவர் கண்முன்னால் இன்னொரு தரம் பார்த்தேன். எர்த் சரி என்று மீட்டர் கீச்சென்றது. இரைச்சலுக்கு, மிக்ஸரையும் இதையும் ஒரே போர்டில் மாட்டச் சொன்னேன். உன் எழுத்துக்குக் கீழே என் பெயரையும் எழுதிவிட்டுத்தான் தகட்டை மூடினேன்.