கூப்பிட்டபோது ஆள் இல்லை

கார்வேட்டிநகரம்,
9.8.1998

கீர்த்தியின் நைனாவுக்கு, செங்கம்மா வணக்கத்துடன் எழுதுவது. கீர்த்தியும் கிஷோரும் நன்றாக இருக்கிறார்கள். அந்த ஊர் வெயிலில் நீங்களும் உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

தை மாதத்துக்குப் பிறகு உங்களிடமிருந்து கடிதமே இல்லை. நான் ஐந்து எழுதினேன். ஐந்தையும் தபாலில் போடச் சொல்லி உங்கள் அண்ணன் கையில்தான் கொடுத்தேன். இதை மட்டும் நாளை குவைத்துக்குப் புறப்படும் நகரி வெங்கடரமணனிடம் கொடுக்கிறேன். ஏன் என்று படித்தால் தெரியும்.

நம் இடம் தன்னுடையது என்று கேஸ் போட்ட மாங்கூழ் ஃபாக்டரிக்காரர் பக்கம் புத்தூர் கோர்ட்டில் தீர்ப்பானதும், நீங்கள் திருப்பதியில் அப்பீல் போட்டு, வீட்டையும் நிலத்தையும் யாரும் தொடக்கூடாது என்று ஸ்டே வாங்கிவிட்டுத்தான் விமானம் ஏறினீர்கள். கேஸை அண்ணன் பார்த்துக்கொள்வார் என்றீர்கள். அவரும் வாய்தா என்று சொல்லி, வெள்ளைச் சட்டை போட்டுக்கினு பஸ் ஏறுவார். நான் நம்பிக்கினு இருந்தேன்.

போன புதன்கிழமை நாலு பேர் வந்து நம் நிலத்தைச் சங்கிலி பிடித்து அளந்தார்கள். கிணற்றுச் சுவரில் சிவப்புப் பெயின்டில் ஏதோ நம்பர் எழுதினார்கள். உங்கள் அண்ணன் கூடவே நின்றார், தடுக்கவில்லை.

மறுநாள் யாரிடமும் சொல்லாமல், புத்தூர் அக்கா ரத்தினம்மாவைக் கூட்டிக்கொண்டு திருப்பதி போனேன். சந்தியா என்ற வக்கீலம்மா கோர்ட்டில் கேஸ் கட்டை வாங்கிப் பார்த்தார். நம் வக்கீலுக்கு அரசாங்க வேலை கிடைத்து, போன வருஷமே வக்காலத்தை விட்டுவிட்டாராம். வேறு வக்கீல் வையுங்கள் என்று கோர்ட்டே நமக்கு நோட்டீஸ் அனுப்பியிருக்கிறது. மூன்று வாய்தா கூப்பிட்டும் நம் பக்கம் ஒருவரும் இல்லை. ஜூலை இருபத்தேழாம் தேதி அப்பீலைத் தள்ளிவிட்டார்கள். நியாயம் யார் பக்கம் என்று பார்க்கவே இல்லையாம். கூப்பிட்டபோது ஆள் இல்லை, அவ்வளவுதான். ஸ்டேயும் அதோடு போய்விட்டது. இனி கோர்ட் அமீனா எந்த நாளும் வந்து நம்மை வெளியேற்றலாம் என்றார்.

நோட்டீஸை வாங்கியதற்கான அட்டை அந்தக் கட்டில் இருந்தது. கையெழுத்து தெலுங்கில். எனக்குத் தெலுங்கு படிக்க வராது. ஆனால் பிள்ளைகளின் ப்ரோக்ரஸ் கார்டில் மூன்று வருஷமாக உங்கள் இடத்தில் போடும் அதே கையெழுத்தைப் பார்க்கிறேன்.

அண்ணன் மேல் உங்களுக்குள்ள மரியாதை எனக்குத் தெரியும். நான் யாரையும் குற்றம் சொல்லவில்லை, பார்த்ததை எழுதுகிறேன். அவர் மகன் சிரஞ்சீவிக்கு ஆனி மாதம் அதே ஃபாக்டரியில் சூப்பர்வைசர் வேலை கிடைத்திருக்கிறது. அதையும் நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும்.

நான் திருப்பதி போய் வந்த அன்று சாயங்காலம் உங்கள் அண்ணன் பிள்ளைகளுக்குப் பஜ்ஜி வாங்கிக்கொண்டு வந்தார். "திருப்பதியில வெயில் எப்படிம்மா இருந்துச்சு?" என்று மெதுவாகக் கேட்டார். எழுதாத பத்திரத்தாள் ஒன்றை நீட்டிக் கையெழுத்துக் கேட்டார். கண்ணாடி இல்லை, நாளைக்குப் போடுகிறேன் என்று சொல்லி அனுப்பினேன். பிள்ளைகளோடு அம்மா வீட்டுக்குப் போய் இரு, வீட்டை நான் பார்த்துக்கொள்கிறேன் என்றார். தினமும் வந்து அதையே சொல்கிறார்.

நான் போகவில்லை. நீங்கள் முதல் தடவை குவைத் போய் வந்து வாங்கிய இடம். அதற்கு முன் நம் ஆட்களில் யார் பெயரில் பட்டா இருந்தது?

அப்பீலைத் திரும்ப எடுக்கச் சொல்லி முப்பது நாளுக்குள் மனுப் போடலாமாம். இருபத்தாறாம் தேதி கடைசி. வக்கீலம்மா எழுதிக் கொடுத்த தாள்கள் இதோடு இருக்கின்றன. அங்கே எம்பசியில் கையெழுத்துப் போட்டு, முத்திரை வாங்கி, கூரியரில் ரத்தினம்மா விலாசத்துக்கு அனுப்புங்கள். நம் வீட்டு விலாசம் வேண்டாம்.

இன்னொன்று. கோபத்தில் அண்ணனுக்குப் போன் போட்டுக் கேட்டுவிடாதீர்கள். கேட்டால் நான் எழுதியது தெரிந்துவிடும். இங்கே இரண்டு பிள்ளைகளும் நானும் மட்டும்தான் இருக்கிறோம்.

திருத்தணி முருகன் உங்கள் கையைப் பிடித்து அந்தக் கையெழுத்தைச் சீக்கிரம் போட வைக்கட்டும்.

உங்கள்
செங்கம்மா