சத்தம் நின்ற இடம்

செம்பூர், மும்பை
வெள்ளிக்கிழமை

சௌபாக்கியவதி வந்தனாவுக்கு அப்பாவின் ஆசீர்வாதம். நானும் அம்மாவும் வேளாவேளைக்குச் சாப்பிட்டு நடமாடிக்கொண்டிருக்கிறோம், அந்த அளவில் க்ஷேமம். நீயும் அவ்வாறே இருப்பதாக எடுத்துக்கொள்கிறேன். தமிழில் எழுதியிருக்கிறாரே, எழுத்துக்கூட்டிப் படிக்க வேண்டுமே என்று சலித்துக்கொள்வாய். தெரிந்தேதான் எழுதுகிறேன். இதை நீ வேகமாகப் படித்துத் தள்ளிவிடக் கூடாது.

அம்மாவுக்கு முழங்கால் வலி தேவலை. ஞாயிற்றுக்கிழமை கிங்ஸ் சர்க்கிள் போய் வாழைப்பூவும் உனக்கு அனுப்ப நார்த்தங்காய் ஊறுகாயும் வாங்கினோம். அங்கேயே ஹோட்டலில் தோசை தருவித்தேன். சாப்பிட்டேனா என்பது நினைவில்லை, தட்டு காலியாக இருந்தது, ஆகவே சாப்பிட்டிருப்பேன். கொஞ்ச நாளாக எல்லாமே இப்படித்தான் இருக்கிறது. கோபமா என்று அம்மா கேட்கிறாள். கோபம் என்றால் கை நடுங்க வேண்டும், குரல் உயர வேண்டும். எனக்கு அப்படி ஒன்றும் ஆகவில்லை. கையெழுத்தைப் பார், கோணலாக இருக்கிறதா?

விபத்தைப் பற்றிப் போனில் பாதிதான் கேட்டாய். மீதியையும் வரிசையாகச் சொல்கிறேன். எங்கள் கம்பெனியின் புது ஹைப்ரிட் ஃபெர்ரி மேல்தளத்தில் பயணிகளையும் கீழ்த்தளத்தில் லாரிகளையும் ஏற்றிக்கொண்டு அக்கரைக்குப் போகிறது. கரைக்கு இரண்டு கிலோமீட்டர் இருக்கும்போதே டீசல் இன்ஜின்கள் நின்றுவிடும், அதன் பிறகு பாட்டரிதான். புகை இல்லை, சத்தமும் இல்லை. நீ அங்கே அலுவலகத்தில் உட்கார்ந்து வரைவதும் இதே வகைக் கப்பல்களைத்தான், ஆகவே இது உனக்குப் புதிதல்ல. உனக்குத் தெரியாதது ஒன்று உண்டு. இந்தத் துறைமுகத்தில் பழைய லாஞ்சுப் படகுகளில் போய்வந்தவர்களுக்கு ஒரே கணக்குதான், இன்ஜின் சத்தம் நின்றால் கரை வந்துவிட்டது. முதல் வாரத்திலேயே இதைக் கண்ணால் பார்த்தேன். சத்தம் நின்றதும் மொத்த ஜனமும் பையைத் தூக்கிக்கொண்டு எழுந்து நின்றது. சுற்றிலும் தண்ணீர். ஒருவன், அரே, ஜஹாஜ் ஸோ கயா க்யா, கப்பல் தூங்கிப்போய்விட்டதா என்றான். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன், அன்றைக்கே உட்கார்ந்து நிர்வாகத்துக்கு எழுதினேன்: இன்ஜின் நிற்கும்போது ஒரு மணி அடிக்க வேண்டும், கரை இன்னும் வரவில்லை என்று ஹிந்தியிலும் மராத்தியிலும் அறிவிக்க வேண்டும். அமைதிதான் நமது விளம்பரம், அதில் மணியடிப்பது பொருந்தாது என்று பதில் வந்தது.

சுடலைக்கண்ணன் தாராவியிலிருந்து தோல் பைகளை லாரியில் ஏற்றிக்கொண்டு போகிறவர், எனக்கு நாலைந்து வயது இளையவர். அன்று சத்தம் நின்றதும் சீக்கிரம் இறங்கலாம் என்று வண்டியைத் தளத்தோடு பிணைத்திருந்த சங்கிலியைக் கழற்றியிருக்கிறார். அதே நேரத்தில் கப்பல் திரும்பியது, பக்கவாட்டில் அலை அடித்தது, ஈரத்தளத்தில் லாரி சறுக்கி அவருடைய வலது காலை முன்னால் நின்ற வண்டியோடு வைத்து நசுக்கிவிட்டது. முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். ஆஸ்பத்திரியில் போய்ப் பார்த்தேன். சத்தம் நின்னுட்டுல்லா சார், கரை வந்துட்டுன்னுல்லா நெனச்சேன் என்று திரும்பத் திரும்பச் சொன்னார், ஏதோ நான் திட்ட வந்தவன் மாதிரி. அவர் மனைவி மாரீஸ்வரி என் சட்டைப்பையில் தொங்கிய கம்பெனி அடையாள அட்டையைப் பார்த்துவிட்டு, ஓடுதா நிக்குதான்னே வெளங்காத கப்பல எதுக்கு சார் செஞ்சீக என்று கேட்டாள். பொறியியல் படித்துவிட்டு முப்பது வருஷம் கப்பலோடு காலம் தள்ளியவன் நான்.

மறுநாள் மாலை அனந்தநாராயணன் வீட்டுக்கு வந்தான். என் கல்லூரித் தோழன், இப்போது ஜெனரல் மேனேஜர். நீ சின்ன வயதில் தோளில் ஏறி விளையாடிய அதே மாமாதான். டிரைவரின் கவனக்குறைவு என்று அறிக்கை தயாராக இருந்தது, டெக்னிக்கல் மேனேஜர் என்ற முறையில் நான் கையெழுத்துப் போட வேண்டும். போட்டால் சுடலைக்கண்ணனுக்கு நஷ்டஈடு கிடையாது. ஏண்டா மணி, அவன் சங்கிலியைக் கழட்டினானா இல்லையா, கழட்டினான், இதிலே பொய் எங்கேடா இருக்கு என்றான். பொய் இல்லைதான், அந்த வரிக்கு முன்னால் வர வேண்டிய வரிகளைத்தான் காணோம் என்றேன். கம்பெனி குவார்ட்டர்ஸில் இருந்துண்டு நீ பேசற பேச்சா இது என்றான். அம்மா அவனுக்குக் காபி கொண்டுவந்து வைத்தாள். ஒரு வாய் குடித்துவிட்டு, மன்னி, சக்கரை போடலையே என்றான். இந்த ஆத்துலே இன்னிக்குச் சக்கரை இல்லை என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். டப்பா நிறைய இருந்தது.

அன்றிரவு உனக்குப் போன் செய்தபோது நீ என்ன சொன்னாய் என்பது உனக்கு நினைவிருக்குமோ என்னவோ. சிஸ்டத்திலே ஃபால்ட் இல்லையேப்பா, ஹ்யூமன் எரர்தானே, சைன் பண்ணிட்டு நிம்மதியா இருங்கோ என்றாய். அக்கறையில் சொன்னாய் என்று அம்மா உனக்காக வாதாடுகிறாள். இருக்கலாம். அனந்தநாராயணன் சொன்னதை வாசற்படிக்கு வெளியே தள்ள முடிந்தது. நீ சொன்னதை எங்கே தள்ளுவது என்று தெரியவில்லை. அது கூடத்திலேயே கிடக்கிறது, நான் அதைச் சுற்றிக்கொண்டு நடக்கிறேன்.

நான் கையெழுத்துப் போடவில்லை. திங்கட்கிழமை விசாரணை அதிகாரி முன்னால் என் வாக்குமூலம். நான் மணி அடிக்கச் சொல்லிக் கேட்டதையும் கம்பெனி மறுத்ததையும் முதலில் சொல்வேன், சங்கிலியைக் கழற்றியதை அதற்குப் பிறகு, அந்த வரிசையில். வேலை போகும், வீடும் போகும். இதைச் சொன்னபோது அம்மா, மாட்டுங்காவிலே அட்டைப்பெட்டி நன்னா கிடைக்கும், வாங்கிண்டு வாங்கோ என்றாள். வாங்கி வந்துவிட்டேன். உன் புத்தகங்களை முதலில் கட்டியிருக்கிறாள்.

உன் மேஜையில் இப்போது எந்தக் கப்பலின் வரைபடம் இருக்கிறதோ தெரியாது. அதில் இன்ஜின் நிற்கும் இடம் எது என்று பார். அந்த இடத்தில் கப்பலில் இருக்கும் மனிதர்கள் என்ன செய்வார்கள் என்று யாராவது கேட்டிருக்கிறார்களா என்றும் பார். கேட்கவில்லை என்றால் நீ கேள். உன் மேலதிகாரி சிரித்தால் சிரிக்கட்டும்.

குளிருக்கு ஒழுங்காகக் கம்பளி போட்டுக்கொள், ராத்திரி வெறும் பிரெட்டோடு படுத்துவிடாதே. உன் கை வரைகிற எதிலும் யாருக்கும் கேடு வராமல் பகவான் பார்த்துக்கொள்ளட்டும், நீ நீண்ட ஆயுளோடு நன்றாக இரு. ஒன்றை மட்டும் மறக்காதே. அடுத்த தடவை போன் செய்யும்போது என் வேலை என்ன ஆயிற்று என்று ஆரம்பிக்க வேண்டாம். சுடலைக்கண்ணன் எப்படி இருக்கிறார் என்று பெயரைச் சொல்லிக் கேள். அதற்குப் பிறகு மற்றதைப் பேசலாம்.

இப்படிக்கு,
உன் அப்பா
வேங்கடசுப்ரமணியன்