எந்தத் தோட்டத்தை வைத்துக்கொள்வது

ஜூன் 9, திங்கள்

காலையிலேயே புழுக்கம். அக்னி நட்சத்திரம் முடிந்துவிட்ட செய்தி வெயிலுக்குப் போய்ச் சேரவில்லை. மோட்டார் போட்டேன். துளசிக்குத் தண்ணீர். பால்காரரிடம் அரை லிட்டர் போதும் என்று இன்றும் சொல்ல மறந்தேன்.

சரசு போன பிறகு சும்மா கிடந்த அவள் கைபேசி முதுகு உப்பியிருக்கிறது. மேசையில் வைத்தால் ஆடுகிறது. பேட்டரி வீங்கினால் தீப்பிடிக்கும் அபாயம் உண்டாம். பள்ளியில் வேதியியல் நடத்தி ஓய்வு பெற்றவன் நான். இதைச் செய்தியில் படித்துத்தான் பயந்தேன்.

அந்தக் கைபேசிக்குள் அவளுடைய தோட்டம் இருக்கிறது. விதைத்து, பறித்து, சமைத்து, நிலை ஏறும் விளையாட்டு. நான்கைந்து வருடமாக ஆடினாள். காலைக் காபியோடு திறப்பாள். "கரை ஓடிச்சி" என்று தனக்குத்தானே சொல்லிச் சிரிப்பாள். நான் செய்தித்தாளைத் தாழ்த்திப் பார்ப்பேன். என்ன என்று கேட்டதில்லை.

கைபேசி சாவதற்குள் தோட்டத்தை வெளியே எடுக்க வேண்டும். இந்த வாரம் செய்யவும் எழுதவும் வேண்டியவை:

1. தோட்டம் எங்கே இருக்கிறது? கைபேசியிலா, கிளவுடிலா, இரண்டிலுமா?
2. பேட்டரி.
3. ச. தவிர அதில் யாரும் கை வைத்ததில்லை. ஆகவே சரியான பிரதி, அவள் கடைசியாகத் தொட்டது. (மற்றவற்றில் சந்தேகம் உண்டு. இதில் இல்லை.)
4. ஆய்வகப் பழக்கம்: ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்று.
5. என் கைபேசியில் திறந்து பார்ப்பது. பிறகு என்ன என்று தெரியவில்லை.

மகன் செந்தில் ஓசூரிலிருந்து பேசினான். சொன்னேன். "விடுப்பா, கேம்தானே." வைப்பதற்கு முன் அவனே: "பாத்து எடுப்பா."

ஜூன் 10, செவ்வாய்

செவிலிமேடு போகும் சாலையில் கைபேசிக் கடை. பர்வீன் என்ற பெண் நடத்துகிறாள். என் மாணவி இல்லை. இருந்திருந்தால் இன்னும் கூச்சமாக இருந்திருக்கும்.

"இன்னா சார், பன்னு மாதிரி உப்பிக்கினு இருக்குது! இத பாக்கெட்ல போட்டுக்கினா வந்தீங்க?"

"பையில்தான்மா."

"உள்ள இன்னா இருக்குது, போட்டோவா?"

"தோட்டம்."

சிரித்தாள். என் முகத்தைப் பார்த்து நிறுத்திவிட்டாள். "மேடமோடதா சார்?"

புது பேட்டரி போட்டாள். எத்தனை நாள் வரும் என்று உறுதி சொல்ல மாட்டாளாம், பழைய மாடல். பிப்ரவரிக்குப் பிறகு ரீசார்ஜ் இல்லை, ஆகவே இந்தக் கைபேசி அன்றிலிருந்து இணையத்தைத் தொடவே இல்லை. உங்கள் போனிலிருந்து ஹாட்ஸ்பாட் கொடுங்கள் என்றாள். செய்முறை காட்டினாள்.

"கனெக்ட் ஆன ஒடனே கேம் உங்கள கேக்கும் சார். போன்ல ஒண்ணு இருக்குது, கிளவுட்ல ஒண்ணு இருக்குது, எது வேணும்னு. ஒண்ண அமுக்கினா இன்னொண்ணு போயிடும், திரும்ப வராது. எது புதுசோ அத வெச்சிக்கோங்க."

எதற்காகப் புதுசு என்று கேட்க நினைத்தேன். இரண்டு பேர் சார்ஜர் கேட்டு வந்தார்கள். நகர்ந்து வழிவிட்டேன், அப்படியே வீட்டுக்கு வந்துவிட்டேன். என் சுபாவம்.

இரவுச் சாப்பாடு: ரசம், அப்பளம். அப்பளம் கருகியது.

ஜூன் 11, புதன்

மேகமூட்டம், மழை இல்லை.

செய்தவை:
அ. தேதி, நேரம் தானியங்கி என்று இருக்கிறதா? இருக்கிறது.
ஆ. விளையாட்டைப் புதுப்பிக்கவில்லை. (புதுப்பித்தால் இரண்டு மாற்றம்.)
இ. கணக்கு ச. பெயரில்தானா? ஆம். மின்னஞ்சல், கடவுச்சொல் நான் அமைத்துக் கொடுத்தவை.
ஈ. ஹாட்ஸ்பாட்.
உ. காபி. பிறகு திறந்தேன்.

பர்வீன் சொன்ன கேள்வி வந்தது. ஆங்கிலத்தில், இரண்டு பெட்டி.

இந்தக் கைபேசி: நிலை 58. கடைசியாகச் சேமித்தது பிப்ரவரியில். ச.வை மருத்துவமனையில் சேர்த்த நாள்.
கிளவுட்: நிலை 61. கடைசியாகச் சேமித்தது நேற்று.

நேற்று.

கைபேசியைக் கவிழ்த்து வைத்தேன். கொடிக்குப் போய்த் துண்டை எடுத்தேன், எதற்கென்று தெரியவில்லை. திரும்பி வந்து பார்த்தேன். அதேதான்.

ஆராய்ந்தேன். இறந்தவள் மூன்று நிலை ஏற முடியாது. ஆகவே கிளவுடின் கணக்கு தவறு. ஏதோ சர்வரின் கடிகாரக் கோளாறு, அல்லது வேறு யாருடைய சேமிப்போ கலந்துவிட்டது. மூன்றாவது குறிப்பைப் பார்த்தேன். சரியான பிரதி அவள் கடைசியாகத் தொட்டது.

பர்வீன் புதுசை வைக்கச் சொன்னாள். அவளுக்கு எதற்காக என்று தெரியாது. எனக்குத் தெரியும். 61 யாருடையதோ. 58 அவள் விரல்.

'இந்தக் கைபேசி'. நிச்சயமா என்று மறுபடி கேட்டது. வாழ்நாள் முழுக்க, இரண்டாவது முறை கேட்டால் பின்வாங்குபவன் நான். இன்று பின்வாங்கவில்லை. அமுக்கினேன்.

ஜூன் 12, வியாழன்

என் கைபேசியில் திறந்தது! ஐந்தாவது குறிப்பும் முடிந்தது.

முதல் முறையாக முழுதும் பார்த்தேன். தோட்டம் இல்லை, சேலை. நடுவில் நீலப்பூ, உடல். இரண்டு பக்கமும் அரக்குச் சிவப்பில் கரை, கோடு பிசகாமல். மேலே மஞ்சளில் முந்தி. தறிக்காரர் மகள் அல்லவா. நானும் அதே தெருதான், படித்து வெளியே வந்தவன். உடலும் கரையும் தனித்தனி நூலில் கோர்த்த கோர்வைச் சேலை என்று பார்த்தவுடன் தெரிந்தது. எத்தனை பொறுமை. தனியாக இத்தனையும் போட்டிருக்கிறாள் என்று வியந்தேன்.

ஒன்றும் வாடவில்லை. இந்த விளையாட்டில் பூ வாடாதாம். பறிக்கும்வரை நிற்கும். பிப்ரவரியில் அவள் விதைத்த நீலம் முழுக்கப் பூத்து நிற்கிறது. பறிக்கச் சொல்லிக் கூடைப்படம் துள்ளுகிறது. தொடவில்லை.

வீட்டு வாசலில் ஒரு மேசை. மேலே ஒரு தட்டு, பூசணியில் செய்த ஏதோ பலகாரம், ஆவி பறக்கிறது. அதையும் தொடவில்லை.

சாயங்காலம் கோவில் மணி கேட்கும் நேரம். பார்த்துக்கொண்டிருக்கும்போதே திரை அணைந்து ஒரு வரி: இந்தக் கணக்கு வேறொரு கருவியில் திறக்கப்பட்டுள்ளது.

யாரோ திருடன். உடனே கடவுச்சொல்லை மாற்றினேன், எல்லாக் கருவியிலிருந்தும் வெளியேற்று என்பதையும் அமுக்கினேன். இவ்வளவு வேகமாக நான் எதையும் செய்ததில்லை. பெருமையாகக்கூட இருந்தது. எழுதி வைக்கிறேன்: பெருமையாக இருந்தது.

ஜூன் 13, வெள்ளி

பால்காரர் போன கையோடு ஒரு அழைப்பு. கோமதி. திருப்புட்குழியில் இருக்கும் ச.வின் தங்கை.

இவள் எங்களோடு பேச்சை விட்டுப் பல வருடம். அவர்கள் அம்மா காரியத்தன்று பந்தியில் பேச்சு வளர்ந்து, "இனிமே இந்த வீட்ல கை நனைக்க மாட்டேன்" என்று இலையிலிருந்து எழுந்து போனவள். சொன்னபடியே இருந்தாள். ச. போன அன்றும் வந்தாள், அழுதாள், ஒரு மடக்குத் தண்ணீர்கூடக் குடிக்காமல் பஸ் ஏறினாள்.

"மாமா, தோட்டத்த இன்னா பண்ணீங்க?"

எந்தத் தோட்டம் என்று கேட்டேன். முட்டாள்.

"அக்கா தோட்டம் மாமா! எங்க தோட்டம். உள்ளயே போவ மாட்டேங்குது. பாஸ்வேர்டு தப்புன்னுது."

உட்கார்ந்துவிட்டேன். அவள் அழுதுகொண்டே சொன்னதை வரிசைப்படுத்தி எழுதுகிறேன்.

சண்டைக்கு அடுத்த வருடம் இருவரும் கண் ஆஸ்பத்திரி வரிசையில் பார்த்துக்கொண்டார்கள். பக்கத்துப் பக்கத்து நாற்காலி. கண்ணில் மருந்து ஊற்றியிருந்ததால் எழுந்து போகவும் முடியவில்லை. பார்வை தெளிந்ததும் ச. தன் விளையாட்டைக் கோமதி கைபேசியிலும் ஏற்றிக் கொடுத்திருக்கிறாள், தன் கணக்கிலேயே. "நீ என் வூட்டுக்கு வராத, நான் உன் வூட்டுக்கு வரல. இங்க வாடி" என்றாளாம்.

காலையில் ஒருத்தி, சாயங்காலம் ஒருத்தி. சமைத்து மேசையில் வைப்பாள் ஒருத்தி, சாப்பிடுவாள் மற்றவள். "அங்க கை நனைச்சா கணக்குல வராது மாமா, நாங்களே பேசி வெச்சிக்கினோம்."

அக்கா போன பிறகும் அநேகமாகத் தினமும் கோமதி திறந்திருக்கிறாள். மூன்று நிலை ஏற்றியவள் அவள். ஒரு மூலையில் வெள்ளைப்பூவால் சின்னதாக ஒரு பாத்தி போட்டு, வெள்ளிக்கிழமைகளில் மேசையில் ஒரு தட்டு வைத்திருக்கிறாள். யாரும் எடுக்காமல் அந்தத் தட்டுகள் அடுக்கி நின்றனவாம்.

"அதெல்லாம் காணோம் மாமா. நேத்து போயிப் பாத்தா பிப்ரவரி மாதிரி இருக்குது."

நான்தான், என்றேன்.

ஜூன் 14, சனி

விளையாட்டுக் கம்பெனிக்கு நேற்றே எழுதியிருந்தேன், ஆட்டக்காரர் எண், தேதி, செய்த படிகள் எல்லாம் வரிசையாக. பதில்: மேலெழுதப்பட்ட சேமிப்பை மீட்க இயலாது, சிரமத்துக்கு வருந்துகிறோம், எங்கள் சேவைக்கு நட்சத்திரம் கொடுங்கள். கொடுக்கவில்லை.

பர்வீனிடம் கேட்டேன். "அந்தம்மா போன்ல அவங்க 61 காப்பி இருந்திருக்குமே சார். அவங்களுக்கும் கேட்டிருக்கும், எது வேணும்னு. அவங்க போன்ல இருக்கறத அமுக்கி இருந்தா 61 தப்பிச்சிருக்கும்." எனக்கு ஒரு நிமிடம் நம்பிக்கை.

பஸ் பிடித்துத் திருப்புட்குழி. ஜன்னலோரம் கிடைத்தது, வெயில் பக்கம். கோவில் மதில் தாண்டி வலதுபுறம் வீடு. பிளாஸ்டிக் நாற்காலி போட்டாள் கோமதி. வாசலிலேயே கேட்டுவிட்டேன், உனக்கும் அந்தக் கேள்வி வந்ததா என்று.

"வந்துது மாமா. வியாழக்கெழம சாயங்காலம்."

"நீ என்ன அமுக்கினாய்?"

புடவைத் தலைப்பைக் கையில் சுற்றிக்கொண்டாள்.

"என் போன்ல 61 இருந்துது. கிளவுடு 58. ஆனா கிளவுடுல, சேவ் பண்ணது நேத்துன்னு இருந்துது மாமா. புதன்கெழம நான் தெறக்கவேயில்ல. நான் தொடலன்னா வேற யாரு? எனக்கு ஒடம்பு சிலுத்துப் போச்சி. அக்கா வந்துட்டா, அக்கா தான் சேவ் பண்ணிருக்கான்னு..."

சுற்றிய தலைப்பை அவிழ்த்தாள்.

"படிச்சவரு நீங்க சிரிப்பீங்க. அக்கா வெச்சது எதுவோ அதுவே வேணும்னு கிளவுட அமுக்கிட்டேன்."

நான் சிரிக்கவில்லை. இறந்தவள் சேமிக்க முடியாது என்று நான் ஒரு பிரதியை அழித்தேன். சேமித்திருக்கிறாள் என்று நம்பி இவள் மற்றதை அழித்தாள். 61 போனது இரண்டு கையால்.

இதைச் சொல்லவில்லை. வேறொன்றைச் சொன்னேன், ஆறுதல் என்று நினைத்து. "மேசையில் ஒரு தட்டு இன்னும் இருக்கிறது, கோமதி. பூசணியில் ஏதோ."

"பூசணியா?" எழுந்து நின்றுவிட்டாள். "அது அக்காவ ஆஸ்பத்திரில சேத்த அன்னிக்கு விடியக்காலம் வெச்சது மாமா. வவுத்துவலின்னு சொன்னாளே, சாப்ட்டு போடின்னு வெச்சேன். சாப்டாதயே போயிட்டா? அது மேலயே மத்த தட்டெல்லாம் வெச்சிக்கினு போனேன், அடியில பாக்கலயே!"

மருமகள் போலிருக்கிறது, உள்ளேயிருந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனாள்.

புதுக் கடவுச்சொல்லைச் சொன்னேன். அவளே தட்டி உள்ளே போனாள். பறிக்காத நீலத்தைப் பார்த்தாள், வெகுநேரம்.

கிளம்பும்போது ஒரு சொம்புத் தண்ணீர் நீட்டினாள். வாங்கிக் குடித்தேன். அவள் எங்கள் வீட்டில் குடிப்பாளா என்று கேட்கத் தோன்றியது. கேட்கவில்லை.

ஜூன் 16, திங்கள்

இரவு கொஞ்சம் தூறியிருக்கிறது. முற்றம் ஈரம். பால் அரை லிட்டர், சொல்லிவிட்டேன்.

ச.வின் கைபேசி காலையில் எழவில்லை. சார்ஜில் போட்டுப் பார்த்தேன், பொத்தானை அழுத்திப் பிடித்தேன். இல்லை. துணியில் சுற்றி அலமாரியில்.

காபி. என் கைபேசியில் தோட்டத்தைத் திறந்தேன். இரண்டு பக்கக் கரையும் பறித்தாகிவிட்டது, புதிதாக அரக்கு விதைத்திருக்கிறது, முளை தெரிகிறது. நேற்றுச் சாயங்காலம் கோமதி வந்து போயிருக்கிறாள். நடுவில் நீலம் அப்படியே.

கரை ஓடிச்சி. வாய்விட்டுச் சொல்லிவிட்டேன். வீட்டில் யாரும் இல்லை.

காலையில் அவள் எதைப் பார்த்துச் சிரித்தாள் என்று இப்போது தெரிகிறது.

கோமதியிடமிருந்து குரல் செய்தி: "மாமா, நடுவுல நீலத்த பறிச்சிட்டு நீங்க வெதைங்க. நான் கரை ஓட்டிக்கினே போவேன், ஒடம்பு நின்னா கரை எதோட சேரும்? பயப்படாதீங்க, அக்கா ஒண்ணும் சொல்ல மாட்டா."

கூடைப்படம் துள்ளுகிறது. பறித்தால், அவள் விரல் விதைத்தது என்று எங்கேயும் ஒன்றும் மிஞ்சாது. பறிக்காவிட்டால் கோமதி மட்டும் கரை ஓட்டிக்கொண்டிருப்பாள். விரலைக் கொண்டுபோனேன். எடுத்துவிட்டேன். காபி ஆறியது.

கோர்வைக்குத் தறியில் இரண்டு பேர் உட்கார வேண்டும், ஒருவர் உடலுக்கு, ஒருவர் கரைக்கு. எங்கள் தெருவில் பிறந்த யாருக்கும் தெரியும். வியாழனன்று அந்தச் சேலையைக் கண்ணால் பார்த்த பிறகும் 'தனியாக' என்று எழுதியிருக்கிறேன்.

மூன்றாவது குறிப்பு தவறு.