மாமா ஓய்வு பெறவில்லை

என் பிரியமான மாமா,

உங்களை அடக்கம் செய்து மூன்று வாரமாகிறது. இன்று இங்கிலாந்திலிருந்து உங்கள் பேராலயத்தின் பத்திரிகை வந்தது. இருபத்தாறு வருடம் நீங்கள் ஆர்கன் வாசித்த இடம், பாடகர் குழுவை வளர்த்த இடம். உங்களைப் பற்றி நான்கே வரி. கடைசி வரி, “உடல்நலம் கருதி ஓய்வு பெற்றார்.” படித்ததும் பத்திரிகையை மேசையில் விட்டெறிந்தேன். துக்கத்தில் இல்லை மாமா, கோபத்தில்.

உங்கள் உடம்புக்கு அப்போது என்ன வந்தது? எண்பத்திரண்டாம் வருடம் வேலையை விட்டு இங்கே அமெரிக்காவுக்கு, எங்கள் பிளெய்ன்ஸ்பரோ வீட்டுக்கு வந்த அன்று, மூன்றாம் மாடிக்கு இரண்டு பெட்டிகளையும் நீங்களேதானே தூக்கி வந்தீர்கள்? உங்கள் மகனைக் கட்டிக்கொண்ட பாளையங்கோட்டைக்காரி நான் ‘மாமா’ என்று கூப்பிட்டால், திரும்பிப் பார்க்க ஒரே வாரத்தில் பழகிக்கொண்ட வெள்ளைக்காரர் நீங்கள்.

நடந்ததை என் கிச்சனில் வெங்காயம் உரித்துக்கொண்டே சொன்னீர்கள். பையன்கள் மட்டுமே பாடும் குழு அது. ஒரு குளிர்காலத்தில் பாதிப் பேர் காய்ச்சலில் படுத்துவிட, கோயில் காவலரின் மகள் மார்கரெட்டைப் பாடவைத்தீர்கள். பன்னிரண்டு வயது. நன்றாகப் பாடினாள். பையன்கள் திரும்பி வந்த பிறகும் அவளை அனுப்பவில்லை. தலைமைக் குரு கூப்பிட்டு, “அவள் போகவேண்டும், இல்லையென்றால் நீங்கள்” என்றார். ஆர்கன் சாவியை அவர் மேசையில் வைத்துவிட்டு வந்தீர்கள். கோயிலுக்குச் சொந்தமான வீடு என்று ஒரே மாதத்தில் அதையும் காலிசெய்ய வைத்தார்கள். அத்தை உயிர்விட்ட வீடு.

எங்கள் ஜெபக்கூட்டத்து ரோஸி ஆன்ட்டி பத்திரிகையைப் பார்த்துவிட்டு, “விடும்மா, செத்தவங்கள பத்தி நல்லாதானே எழுதிருக்காங்க? ஏன் அப்செட் ஆகுற?” என்றார்.

“அவங்க பண்ணத மறைச்சு எழுதிருக்காங்க ஆன்ட்டி.”

உங்கள் மகன்கூட, அப்பாவுக்கு இந்த ஆர்ப்பாட்டமெல்லாம் பிடிக்காது என்கிறார். நான் கேட்கவில்லை. பேராலயத்துக்கு ஃபோன் பண்ணினேன். அதே தலைமைக் குருதான் பேசினார். “அவருடைய கௌரவத்தைக் காப்பாற்றத்தான் அப்படி எழுதினோம்.”

“யாருடைய கௌரவத்தை?” என்றேன். கேட்டுவிட்டு ஃபோனை வைத்துவிட்டேன்.

உங்கள் மேலும் கோபம்தான் மாமா. ஏன் வாய்திறக்காமல் வந்தீர்கள்? பெருந்தன்மை என்று நினைத்தீர்களா? அதன் பாரத்தை யார் சுமந்தது தெரியுமா? பத்திரிகையோடு மார்கரெட்டின் கடிதமும் வந்திருக்கிறது. “என்னால்தான் உங்கள் மாமனார் வேலை போனது என்று ஊரில் பேசிக்கொள்கிறார்கள். அன்றிலிருந்து நான் பாடுவதே இல்லை. உண்மையைச் சொல்லுங்கள்” என்று எழுதியிருக்கிறாள்.

இத்தனை வருடமாக அந்தப் பெண் வாயை மூடிக்கொண்டிருக்கிறாள். உங்களுக்குத் தெரியுமா?

முதல் பதில் அவளுக்குத்தான் எழுதினேன். “உன்மேல் ஒரு தப்பும் இல்லை. உன்னை அனுப்புவதைவிடத் தான் போவதே மேல் என்று அவராக எடுத்த முடிவு. அதற்காக அவர் வருத்தப்பட்டு நான் ஒருநாளும் பார்த்ததில்லை.” சரியாகத்தானே எழுதினேன்?

அடுத்தது பத்திரிகைக்கு. நடந்ததை நடந்தபடி, அவள் பெயரை மட்டும் விட்டுவிட்டு. அவர்கள் அச்சிடும்வரை மாதாமாதம் அதே கடிதம் போகும். உங்களுக்குப் பிடிக்காவிட்டாலும் போகும்.

அடங்காத உங்கள் மருமகள்,
எஸ்தர்